பச்சை மை

கேர்லிந்தா மிஸ் வந்த அன்று
மீன் பாடுமா என்று கேட்கவில்லை.
கல்லடிக்கு வருகிற வெள்ளைக்காரர் எல்லாரும்
முதலில் கேட்பது அதைத்தான்.
அவ கேட்டது:
"இந்த மண்டபத்துக்குக் கதவு எத்தனை?
எல்லாம் வெளிப்பக்கம் திறக்குமா?"

நான் மைக் செற்காரன்.
ஒரு அம்பிளிபயர், நாலு கோர்ன், பழைய லொறி.
அந்தக் கேள்வியிலேயே விளங்கிப்போச்சு
இவ எங்கட தொழில்காரி.

மறுகா, பார்த்தலோட் டீச்சர் மொழிபெயர்க்கக்
கொஞ்சம் கொஞ்சமாய்ச் சொன்னா.
ஜெர்மனியில், நிலக்கரி தோண்டி முடிந்த ஊரொன்றில்
ஒப்பெரா மண்டபம்.
ரிக்கெற் கிழிக்கப் போனவ
இருபத்திரண்டு வருசத்தில் நிர்வாகி.
மேடையில் ஒருநாளும் ஏறவில்லை.
பாடுகிறவளுக்குத் தொண்டை கட்டினால்
எந்த ஊரில் ஆருக்கு அதே பாட்டுப் பாடம் என்று
சாமம் ரெண்டு மணிக்கும் தெரிந்தவ.
இரும்புத் திரை இறங்க எத்தனை விநாடி,
பனி கொட்ட எத்தனை கிலோ கடதாசி,
எல்லாம் பைலில்.

"பாட்டு தானாக நடக்கும்,
மற்றதெல்லாம் நாங்கள் நடத்தவேணும்" என்றா.
லொறிக் கண்ணாடியில் எழுதலாமோ என்று யோசித்தேன்.
அங்கே ஏற்கனவே மாமாங்கேஸ்வரர் துணை.

மறுகா ஒரு வருசம் நகரசபை காசை வெட்டியது.
சேர்ந்து பாடுகிறவர்கள் முப்பத்தெட்டுப் பேர்.
இனி வரவேண்டாம் என்று முப்பத்தெட்டுக் கடிதம்,
முப்பத்தெட்டிலும் அவவின் கையெழுத்து,
பச்சை மையில்.
அடுத்த கடிதம் தனக்கே எழுதினாவாம்.
அந்த இடத்தில் பார்த்தலோட் டீச்சர்
மொழிபெயர்ப்பை விட்டுட்டுத்
தேத்தண்ணி ஊற்றினா.

கல்லடியில் அவ சேர்த்த பிள்ளைகள் நாற்பத்திமூன்று.
(எண் பொருந்தவில்லை.
பொருந்தியிருந்தால் கதை வடிவாயிருக்கும்.)
அம்பாறையில் சேர்ந்திசைப் போட்டி,
பஸ்ஸில் இருபத்தைந்து சீற்.
"நல்லாப் பாடுற இருபத்தைந்தை எழுதித் தாங்கோ மிஸ்"
அதிபர் கடதாசியை நீட்டினார்.
அவ பேனையை மூடிப் பைக்குள் வைத்தா.
அதிபர் சிரித்துக் கேட்டார், சிரிக்காமல் கேட்டார்.
பேனை வெளியே வரவில்லை.

மறுகா என்ன, என்ட லொறிதான்.
கோர்ன் நாலையும் இறக்கிப்போட்டுப்
பதினெட்டுப் பிள்ளைகளை ஏற்றினேன்.
களுவாஞ்சிக்குடி தாண்ட மழை.
தார்ப்பாயை மூலைக்கொரு ஆள் பிடித்தார்கள்.

மல்வத்தைச் சென்றியில் மறித்தார்கள்.
லொறியில் ஆளேற்ற ஒண்ணா.
ஏற்றினால் பெயர்ப்பட்டியல் வேணும்.
கேட்டவன் சின்னப் பொடியன், துவக்கெல்லாம் நனைந்து.
மிஸ் இறங்கினா. பொனற்றில் கடதாசியை விரித்துப்
பேனையைத் திறந்தா.

கயூரி. ருக்சாந்தன். ஸ்டெபனி செல்லர். மிதுசிகா.
பிள்ளைகள் மேலேயிருந்து கத்தக் கத்த எழுதினா.
மழை விழுந்து கரைந்த ரெண்டு பெயரைத்
திரும்ப எழுதினா.
பதினெட்டு வந்ததும் போதும் என்றான் அவன்.
அவ நிறுத்தவில்லை.
பஸ்ஸில் முன்னுக்குப் போன இருபத்தைந்தையும்
பாராமல் எழுதினா.

போய்ச் சேர நடுவர்கள் போயிட்டார்கள்.
பஸ்ஸில் போனதுகள் மிஸ் இல்லாமல் ஏற மாட்டோம் என்று
படியில் குந்தியிருந்துதுகள்.
மூன்று பக்கத்தில், இலக்கமிட்டு,
முறைப்பாடு கொடுத்தா.
எட்டாவது: மலசலகூடத்தில் தண்ணி இல்லை.
நாற்பத்திமூன்று கொத்துரொட்டிக்கு
அவதான் காசு கட்டினா, பில்லும் வாங்கினா.
பட்டியல் என்ட லொறிக்குள்,
இன்சூரன்ஸ் கடதாசியோடு.

அது ஆவணி.
மார்கழி இருபத்தேழாந் திகதி
சேறு பூசின கால்களோடு வந்து
அந்தப் பட்டியலைக் கேட்டா.

முகாம் முகாமாய் நான்தான் மைக் கட்டினேன்.
அவ வாசித்தா, உச்சரிப்பெல்லாம் பிழைபிழையாய்.
ஒரு பெயர்.
கோர்னுக்குள் இரைச்சல்.
சனத்துக்குள்ளிருந்து கை உயர்ந்தால்
பச்சையில் சரி போட்டா.
உயராவிட்டால் அடுத்த பெயர்.
அடுத்த முகாமில் திரும்பவும் முதலிலிருந்து.

ஒரு பெயரையும் வெட்டவில்லை.